வினைலா, லேமினேட்டா?

சென்ற வருடம் ஆடி மாதம் என் வீட்டுக்காரி படுக்கையறையில் விழுந்தாள். தரையில் ஈரம் இல்லை, அவசரமும் இல்லை. திருப்பூரில் எந்த வீட்டுக்குப் போனாலும் பனியன் கட்டிங் வேஸ்டில் பின்னிய கால்மிதி ஒன்று கிடக்கும் அல்லவா, எங்கள் வீட்டில் அது கட்டிலருகே கிடந்தது. அடியில் வழவழவென்று வெட்ரிஃபைடு டைல்ஸ். காலை ஊன்றியதும் கால்மிதி வழுக்கிக்கொண்டு போய்விட்டது. இடுப்பெலும்பு முறிவு, ஆபரேஷன், பிறகு வாக்கர்.

அந்த டைல்ஸை ஆசைப்பட்டுப் போட்டவன் நான்தான். அதற்கு முன்பு என் மாமனார் போட்ட காவித் தரை இருந்தது. ரெட் ஆக்ஸைடு கலந்து பூசி, தேய்த்துத் தேய்த்து மெருகேற்றியது. அதை உடைத்த அன்று அவள் ஒன்றும் சொல்லவில்லை. விழுந்த பிறகும் சொல்லவில்லை. ஏதாவது சொல்லியிருந்தால் எனக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும்.

படுக்கையறைத் தரையை மாற்றுவது என்று முடிவாயிற்று. பத்துக்குப் பன்னிரண்டு, 120 சதுர அடி. கோவையில் இருக்கும் மகள், "லேமினேட் போடுங்கப்பா, மரத் தரை மாதிரி இருக்கும்" என்றாள். கடைக்காரர் வினைலையும் காட்டினார்.

கடைப் பையன் லேமினேட்டை "வுட்டன் ஃப்ளோரிங் சார்" என்றான். நான் புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்தவன். அந்த மொழியில் நிஜ மரத் தரைக்கு "பார்க்கே" என்று பெயர். லேமினேட்டுக்கு "ஸ்த்ராத்திஃபியே", அதாவது அடுக்கடுக்காக ஆனது என்று வேறு பெயர். அந்தச் சந்தேகத்தில் ஒரு துண்டை வாங்கி ஓரத்தைப் பார்த்தேன். எங்கள் ஆபீஸ் ஃபைல் அட்டையைப் பத்து மடங்கு தடிமனாக்கியது போல இருந்தது. மர நாரை அழுத்திச் செய்த எச்.டி.எஃப். பலகை, அதன் மேல் மரத்தின் படம் அச்சடித்த காகிதம், எல்லாவற்றுக்கும் மேலே மெலமைன் பூச்சு. மேஜைகளுக்கான லேமினேட் தகடு செய்துவந்த பெர்ஸ்டார்ப் என்ற சுவீடன் கம்பெனி 1977இல் தரைக்கென்று கண்டுபிடித்ததாம். கீறல் விழாது என்பதில் பொய் இல்லை. சாவியால் இழுத்துப் பார்த்தேன்.

வினைல் என்பது பி.வி.சி. நம் வீட்டுத் தண்ணீர்க் குழாயின் சொந்தக்காரன்தான், வளைந்துகொடுக்க ஒரு மருந்து சேர்த்திருக்கிறார்கள். சுண்ணாம்புக்கல் தூள் கலந்து விறைப்பாகச் செய்ததும் உண்டு, எஸ்.பி.சி. என்கிறார்கள்.

இரண்டிலும் ஒரு துண்டை வீட்டுக்குக் கொண்டுவந்து பேசின் தண்ணீரில் போட்டுவைத்தேன். குமாஸ்தா புத்தி, நேரத்தைக் கூட டைரியில் குறித்தேன். இரண்டாம் நாள் காலையில் லேமினேட் துண்டின் ஓரம் டீயில் முக்கிய ரஸ்க் மாதிரி உப்பியிருந்தது. வெயிலில் காயவைத்தும் பழைய நிலைக்கு வரவில்லை. வினைல் துண்டு போட்டபடியே இருந்தது. கடைக்காரரிடம் சொன்னேன். "லேமினேட்ல தண்ணி நிக்க விடக் கூடாதுங்க, துணியை நல்லாப் பிழிஞ்சு துடைக்கணும்" என்றார். குளிர் நாட்டில் கூட்டியோ உறிஞ்சியோ சுத்தம் செய்யும் வீடுகளுக்கு அது சரி. இங்கே வெள்ளிக்கிழமை என்றால் பக்கெட்டோடு கொட்டித் தள்ளுகிற வழக்கம். போதாததற்கு நோயாளி படுக்கும் அறை. சொம்பு கவிழும், பேசின் தளும்பும். எங்களுடையது கீழ்த்தளம், மழைக்காலத்தில் அடியிலிருந்தும் ஈரம் வரும். கரையானுக்கு எச்.டி.எஃப்.பும் மரம்தான்.

மகளுக்கு மனசாகவில்லை. "அம்மாவை பிளாஸ்டிக்ல நடக்க விடப் போறீங்களா?" என்றாள். அவள் சொன்னதிலும் நியாயம் இருந்தது. வாடை வரும், மேற்கு ஜன்னல் வெயில் நேராக விழுந்தால் வினைல் நிறம் மாறும், விரியவும் செய்யும்.

நாங்கள் இருவரும் போனில் வாதாடிக்கொண்டிருந்தபோது, அவள் வாக்கரைப் பிடித்தபடி வந்தாள். இரண்டு துண்டுகளையும் தரையில் போடச் சொன்னாள். செருப்பைக் கழற்றிவிட்டு ஒவ்வொன்றிலும் பாதத்தை வைத்து முன்னும் பின்னும் அசைத்துப் பார்த்தாள். "ஏனுங்க, இதுல கால் நிக்குதுங்க. அதுல போகுதுங்க" என்றாள். நின்றது சொரசொரப்பான வினைல். என் டைரியில் இந்தப் பரிசோதனை இல்லை.

புரட்டாசியில் வேலை நடந்தது. ஒட்டுகிற வினைல், 3 மில்லிமீட்டர். டைல்ஸின் மேலேயே ஒட்டிவிடலாம் என்றார் மேஸ்திரி. அப்படிச் செய்தால் டைல்ஸ் இடுக்குகள் நாளடைவில் மேலே கோடு கோடாகத் தெரியும். இடுக்குகளை நிரப்பி, லெவலிங் கலவை போட்டுக் காயவைத்த பிறகே ஒட்ட வேண்டும் என்று பிடிவாதமாக நின்றேன். இரண்டு நாள் கூடுதல், கூலியும் கூடுதல். பத்து நாள் அவள் கூடத்தில் படுத்தாள், வாடை போக ஜன்னலெல்லாம் திறந்துகிடந்தது. மேற்கு ஜன்னலுக்குத் தடித்த திரை போட்டோம். கால்மிதியைத் தூக்கிக் கொல்லைக் கதவுக்குப் போட்டேன். விழுந்தால் அடிபடாத மெத்தை அல்ல இது, மூன்று மில்லிமீட்டர் எதைத் தாங்கும்? ஆனால் காலையில் பாதம் வைத்தால் டைல்ஸின் சில்லிப்பு இல்லை என்கிறாள்.

யாரும் எங்களுக்குச் சொல்லாத ஒன்று உண்டு. வினைல் மீது ரப்பர் வெகுநாள் நின்றால் கறை பிடிக்கும். ரப்பர் அடி வைத்த மிதியடியும் அப்படித்தான். தை மாதம் அவள் வாக்கரை விட்டாள். அதைப் பரணில் ஏற்ற எடுத்தபோது, இரவெல்லாம் அது நின்ற கட்டிலோரத்தில் நான்கு பழுப்பு வட்டங்கள். சோப்பு, எலுமிச்சை, சமையல் சோடா எல்லாம் தேய்த்துப் பார்த்துவிட்டேன். போகவில்லை. கட்டிலை அரை அடி நகர்த்தி மறைக்கலாம் என்றேன். "கட்டில் இருக்கற எடத்துலயே இருக்கட்டுங்க, எனக்கு இருட்டுல தடம் பழகியிருக்குது" என்றாள்.