இன்றைக்கா, நாளைக்கா?

உருவாப்பன் நகரச் சந்தையில் அவகாடோ வாங்கப் போனால், கடைக்கார அம்மா முதலில் கேட்பது எத்தனை கிலோ என்று அல்ல. "இன்றைக்கா, நாளைக்கா?" என்றுதான் கேட்பார். இன்றைக்கு என்றால் கை ஒரு குவியலுக்குப் போகும். நாளைக்கு என்றால் வேறு குவியல். பழத்தைக் கட்டைவிரலால் அழுத்திப் பார்ப்பவர்களை அவருக்குப் பிடிக்காது. அழுத்திய இடம் உள்ளே கறுத்துவிடும். உள்ளங்கையில் வைத்து மெல்ல மூடிப் பார்த்தாலே போதும். நம்மூரில் மாம்பழக் கூடைக்கு முன்னால் நடப்பதும் கிட்டத்தட்ட இதேதான்.

மெக்சிகோவின் மேற்கே மிச்சோவகான் மாநிலத்தில், சுமார் 1,600 மீட்டர் உயரத்தில் இருக்கிறது உருவாப்பன். நகரத்துக்குள்ளேயே ஒரு ஆறு பிறக்கிறது. குபாட்டிட்ஸியோ என்று பெயர். அதன் ஊற்றுக்கண்ணை உள்ளூர்க்காரர்கள் 'சாத்தானின் முழங்கால்' என்கிறார்கள். சாத்தான் தடுக்கி விழுந்து, முழங்கால் பாறையில் இடித்த இடத்தில் தண்ணீர் பீறிட்டதாம். இப்போது அந்தப் பள்ளத்தாக்கு தேசியப் பூங்கா. நிழலும் அருவிகளுமாகக் குளுகுளுவென்று இருக்கும்.

தண்ணீர் மட்டுமல்ல, மண்ணும் இங்கே தனி ரகம். 1943 பிப்ரவரி 20 அன்று, உருவாப்பனுக்கு மேற்கே ஒரு விவசாயியின் சோளக்காட்டில் நிலம் வெடித்துப் புகை கிளம்பியது. பரிக்குட்டின் எரிமலை பிறந்தது அப்படித்தான். 1952 வரை கக்கிக்கொண்டே இருந்தது. சான் ஹுவான் பரங்காரிகுத்திரோ என்ற ஊர் எரிமலைக் குழம்பில் புதைந்துபோனது. அங்காவான் கிராமத்திலிருந்து குதிரையில் போனால், கறுத்த பாறைக் கடலுக்கு நடுவே அந்த ஊர்த் தேவாலயத்தின் கோபுரம் மட்டும் நிமிர்ந்து நிற்பதை இன்றும் பார்க்கலாம்.

இந்த வட்டாரத்து எரிமலைகள் காலங்காலமாகத் தூவிய சாம்பல் மண்ணில் தண்ணீர் தேங்காது. அவகாடோ மரத்துக்கு வேரில் தண்ணீர் தேங்கினால் ஆகாது. இதமான குளிரும் சேர, ஒரே ஆண்டில் பல தடவை பூக்கிறது. அதனால் மிச்சோவகானில் வருடம் முழுக்க எங்காவது அறுவடை நடந்துகொண்டே இருக்கும். இன்னொரு வசதியும் உண்டு. அவகாடோ மரத்தில் இருக்கும்வரை பழுக்காது. பறித்த பிறகுதான் பழுக்க ஆரம்பிக்கும். சந்தையில் அந்தக் கேள்வி வருவதும் இதனால்தான்.

சமையலறைக்கு வருவோம்.

அஸ்டெக்குகள் பேசிய நாவாட் மொழியில் இந்தப் பழத்துக்கு 'ஆவாகாட்ல்' என்று பெயர். 'மோல்லி' என்றால் குழம்பு, தொக்கு. இரண்டும் சேர்ந்து ஸ்பானியர்களின் வாயில் 'குவாக்கமோலே' ஆனது. சல்சா என்பதும் ஸ்பானிய மொழியில் அதே தொக்குதான். உலகம் முழுக்க இதை மிக்ஸியில் அடித்து வெண்ணெய்போல் ஆக்குகிறார்கள். மிச்சோவகான் வீடுகளில் இதற்கென்று 'மோல்காஹெத்தே' இருக்கிறது. எரிமலைக் கல்லில் குடைந்த, மூன்று கால் வைத்த சின்ன உரல். நம் அம்மிக்குத் தூரத்துச் சொந்தம் என்று சொல்லலாம். புதிதாக வாங்கி வந்தால் பச்சரிசி போட்டு, மாவில் கல்தூள் வராத வரைக்கும் அரைத்துக் கழுவுவார்கள். புது அம்மிக்கு நம் பாட்டிகள் செய்ததும் இதுதானே! சிமென்ட்டில் வார்த்த போலிகளும் விற்கின்றன, ஆகவே கல்லைப் பார்த்து வாங்க வேண்டும்.

நான்கு பேருக்கு நன்றாகப் பழுத்த இரண்டு பழம் போதும். முதலில் கல்லில் விழுவது அவகாடோ அல்ல. அரை டீஸ்பூன் கல்லுப்பு, ஒன்றோ இரண்டோ செர்ரானோ மிளகாய், கால் வெங்காயம், கொஞ்சம் கொத்தமல்லித் தண்டு. அங்கே வெள்ளை வெங்காயம், இங்கே கிடைக்கிற வெங்காயம். செர்ரானோவுக்குப் பதில் நம் பச்சை மிளகாயே தாராளமாகப் போதும். உப்பின் பரல்கள் மிளகாயைக் கிழித்து, பச்சை வாசனை மூக்கில் ஏறும்வரை நசுக்க வேண்டும். ருசியெல்லாம் இந்த இரண்டு நிமிட வேலையில்தான் இருக்கிறது. நறுக்கிப் போட்டுக் கிளறினால் வாய்க்கு வாய் வேறு சுவை வரும். நசுக்கினால் காரமும் உப்பும் ஒவ்வொரு துளியிலும் இருக்கும்.

பிறகுதான் பழம். நீளவாக்கில் வெட்டி, திருகிப் பிரித்து, சதையைக் கரண்டியால் வழித்துப் போடுங்கள். பாதி மசிந்து, பாதி துண்டாக நிற்கட்டும். குழந்தைக்கு ஊட்டும் பருப்புச் சாதம் மாதிரி ஆகிவிடக் கூடாது. கடைசியாக, விதையும் சாறும் எடுத்த ஒரு தக்காளியைப் பொடியாக நறுக்கி, மிச்சக் கொத்தமல்லியோடு தூவினால் முடிந்தது. பக்கத்தில் சூடாகச் சோள ரொட்டி இருந்தால் அந்தக் கல்லே சாப்பாட்டுத் தட்டு.

எலுமிச்சை பிழியலாமா? இதில் மெக்சிகோவிலேயே இரண்டு கட்சி. புளிப்பு, பழத்தின் பால்வாசனையை அமுக்கிவிடும் என்பது ஒரு கட்சி. பிழியாவிட்டால் கறுத்துப் போகும் என்பது இன்னொன்று. வெட்டிய பழத்தின் நொதி காற்றோடு சேர்வதால்தான் கறுக்கிறது. புளிப்பு அதைத் தாமதப்படுத்தும், நிறுத்தாது. கொட்டையைக் கிண்ணத்தின் நடுவில் வைத்தால் கறுக்காது என்ற நம்பிக்கையும் பரவலாக இருக்கிறது. கொட்டை மூடியிருக்கிற இடம் மட்டும்தான் பச்சையாக இருக்கும்! மேற்பரப்பில் ஒட்டினாற்போல் காற்றுப் புகாமல் மூடிவைப்பது உதவும். அதைவிட உடனே சாப்பிட்டுவிடுவது உத்தமம்.

நம் பக்கத்து மலைகளிலும், தாண்டிக்குடி, ஏற்காடு, குடகு என்று, 'பட்டர் ஃப்ரூட்' விளைகிறது. பாலும் சர்க்கரையும் சேர்த்து ஜூஸ் அடிப்பதுதான் நம் வழக்கம். இவற்றில் பல பெரிதாக, பழுத்தாலும் தோல் பச்சையாகவே இருக்கும். எண்ணெய்ச் சத்து குறைவு, நீர் அதிகம். இவற்றில் சல்சா செய்தால் தக்காளியை விட்டுவிடுங்கள், இல்லையென்றால் கிண்ணத்தில் தண்ணீர் விட்டுக்கொள்ளும்.

மிச்சோவகானில் இருந்து உலகத்துக்குப் போவது ஹாஸ் என்ற ரகம். பழுத்தால் தோல் கறுக்கும், தடித்த தோல், நெடும் பயணம் தாங்கும். கலிபோர்னியாவில் ருடால்ஃப் ஹாஸ் என்ற தபால்காரர் தன் தோட்டத்தில் வளர்த்த மரம். 1935இல் அதற்குக் காப்புரிமை வாங்கினார். ஆனால் கொட்டையைத் துளைக்கும் பூச்சியைக் காரணம் காட்டி 1914 முதல் மெக்சிகோ அவகாடோவை அமெரிக்கா உள்ளே விடவில்லை. 1997இல் கதவு கொஞ்சம் திறந்தது, 2007இல் முழுதாக. அமெரிக்கக் கால்பந்தின் இறுதிப் போட்டியான சூப்பர் பவுல் நாளில் வீட்டுக்கு வீடு குவாக்கமோலே கிண்ணம் என்றாகிவிட்டது. மிச்சோவகானில் அவகாடோவுக்கு 'பச்சைத் தங்கம்' என்று பெயர் வந்தது.

தங்கம் என்றால் திருடனும் வருவான். பைன் காடுகளை வெட்டியும் எரித்தும் தோட்டங்கள் மலையேறின. காட்டுக்குப் போன தண்ணீர் தோட்டத்துக்குத் திரும்பியது. போதைக் கும்பல்கள் விவசாயிகளிடம் கப்பம் கேட்டன. மறுத்தவர்களைக் கடத்தினார்கள், கொன்றார்கள். டன்சிட்டாரோ என்ற ஊரில் 2013இல் மக்களே துப்பாக்கி ஏந்தி அவர்களை விரட்டினார்கள். அங்கே தோட்டக்காரர்களின் பணத்தில் ஊருக்கென்று தனிக் காவல் படை உருவானது. 2022 பிப்ரவரியில், பழம் சோதிக்கும் அமெரிக்க அதிகாரிக்கு மிரட்டல் வர, சுமார் ஒரு வாரம் ஏற்றுமதியே நின்றது.

பிழிகிற எலுமிச்சையும் தப்பவில்லை. உருவாப்பனுக்குத் தெற்கே, வெக்கையான அபாட்சிங்கான் பள்ளத்தாக்கில் எலுமிச்சை விளைகிறது. கப்பத்தை எதிர்த்துப் பேசிய அங்குள்ள விவசாயிகளின் தலைவர் பெர்னார்தோ பிராவோ 2025 அக்டோபரில் கொல்லப்பட்டார். இரண்டே வாரத்தில், நவம்பர் 1 அன்று, கும்பல்களை வெளிப்படையாக எதிர்த்த உருவாப்பன் மேயர் கார்லோஸ் மான்சோ, நகரின் மைய சதுக்கத்தில், இறந்தோர் தின விழாக் கூட்டத்துக்கு நடுவே சுடப்பட்டார். தின்பண்டக் கடைகளுக்குப் பேர்போன சந்தை அந்தச் சதுக்கத்துக்குப் பக்கத்தில்தான். மாலையில் குடும்பம் குடும்பமாக வந்து, சோளமாவுக் கொழுக்கட்டையான கொருண்டாவைச் சல்சா ஊற்றிச் சாப்பிடுகிற இடம்.

அவகாடோ விலை ஏறும்போது சாமானிய மெக்சிகோ வீடுகளுக்கே அது எட்டாது. 2019இல் அப்படி ஏறியபோது, சில டாக்கோ கடைகள் பச்சைச் சுரைக்காய் வகை ஒன்றை வேகவைத்து, மிளகாயும் பச்சைத் தக்காளியும் சேர்த்து அரைத்து ஊற்றின. நிறம், பதம் எல்லாம் அச்சு அசல். பெரும்பாலானோர் கண்டுபிடிக்கவில்லை என்பதுதான் வேடிக்கை.

உருவாப்பனிலிருந்து வடக்கே, கிட்டார் செய்வதற்குப் பேர்போன பராச்சோ வழியாகப் போனால், ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகும் செரான் போய்ச் சேர. புரேபெச்சா பழங்குடி மக்களின் ஊர். வழியெல்லாம் மலை ஏறிக்கொண்டே வரும், குளிரும் ஏறும். 2011 ஏப்ரல் 15 அதிகாலையில், காட்டை மொட்டையடித்துக்கொண்டிருந்த கும்பலின் மர லாரிகளை இங்கே மறித்தது பெண்கள். கையில் கல்லும் வாணவெடியும். தேவாலய மணி அடித்தது, ஊரே திரண்டது. மேயரையும் போலீசையும் கட்சிகளையும் ஊரைவிட்டு வெளியே அனுப்பினார்கள். தெருமுனைக்குத் தெருமுனை நெருப்பு மூட்டி, மாதக்கணக்கில் இரவெல்லாம் காவல் இருந்தார்கள். அந்த நெருப்பைச் சுற்றித்தான் சமைத்தார்கள், பேசினார்கள், முடிவெடுத்தார்கள். இன்று ஊரை நடத்துவது மக்களே தேர்ந்தெடுக்கும் பன்னிரண்டு பேர் கொண்ட பெரியவர் சபை. நுழைவாயிலில் ஊர்க் காவலர்கள் வண்டிகளை நிறுத்திப் பார்க்கிறார்கள்.

செரானின் நிலத்தில் வணிக அவகாடோ தோட்டம் போட அனுமதி கிடையாது. ஊர்ப் பொது நர்சரியில் வரிசை வரிசையாக வளர்வது பைன் கன்றுகள். மழை பிடித்ததும் அவற்றைத் தூக்கிக்கொண்டு, எரிந்த சரிவுகளுக்கு ஏறுகிறார்கள்.