சியோலில் முதல் ஸ்பூன் அம்மாவுக்கு!

வெளிநாட்டு டூர் என்றதும் நம்மாட்களுக்கு ஞாபகம் வருவது பாங்காக், சிங்கப்பூர். அதுவும் நாலு சிநேகிதர்களோடு, வீட்டுக்கு ஆபீஸ் டூர் என்று சொல்லிவிட்டு! தென்கொரியத் தலைநகர் சியோலுக்கு இந்த ஃபார்முலா சரிப்பட்டு வராது. அங்கே குடும்பத்தோடு போக வேண்டும். வீட்டில் வயசான அம்மா இருந்தால் கட்டாயம் கூட்டிக்கொண்டு போக வேண்டும். உடனே பாசம், கடமை, கண்ணீர் என்று கைக்குட்டையைத் தேடாதீர்கள். காரணம் சாப்பாடு!

கொரியச் சாப்பாடு ஒற்றை ஆளுக்கு ஏற்பட்டதே இல்லை. இறைச்சி சுட்டுச் சாப்பிடும் கடைகளில் மேஜை நடுவிலேயே அடுப்பு. பல கடைகளில் குறைந்தது இரண்டு பேர் அளவுக்கு ஆர்டர் கொடுத்தால்தான் அடுப்பையே பற்ற வைப்பார்கள். குழம்பு ஒரே சட்டியில் நடுவில் கொதிக்கும். சுற்றிலும் குட்டிக் குட்டிக் கிண்ணங்களில் தொடுகறிகள். 'பான்சான்' என்று பெயர். தீர்ந்தால் மறுபடி வைப்பார்கள், பில்லில் ஏறாது. நம்ம ஊர் மெஸ்ஸில் இரண்டாம் தடவை கூட்டு, பொரியல் கேட்போமே, அதேதான். டிப்ஸ் கொடுக்கும் வழக்கம் கிடையாது. தண்ணீர் இலவசம். இதைவிட ஒரு பி.காம். பட்டதாரிக்கு என்ன வேண்டும்?

கமிட்டி கூடியது

எங்கள் வீட்டில் மொத்தம் நாலு டிக்கெட். நான், சம்சாரம், பதினோரு வயசு மகள், அறுபத்தாறு வயசு அம்மா. சம்சாரத்தின் கோரிக்கை: முகத்துக்குப் போடும் க்ரீம் வகையறா. மகளின் கோரிக்கை: பேனா, ஸ்டிக்கர், சாக்ஸ், கூடவே பாட்டுக் கோஷ்டிப் பையன்களின் படம் போட்ட எதுவானாலும். அம்மாவின் கோரிக்கை: "எனக்கு ஒண்ணும் வேண்டாம்ப்பா."

இந்த 'ஒண்ணும் வேண்டாம்' இருக்கிறதே, அதை நம்பி பட்ஜெட் போடவே கூடாது. தமிழில் டப்பிங் செய்த கொரியத் தொடர்களை செல்போனில் ஒன்று விடாமல் பார்ப்பது அம்மாதான். அந்தக் கதாநாயகி மாமியாரிடம் படும் பாட்டைப் பார்த்து மருமகளிடமே சொல்லி வருத்தப்படுவாள்! அவர்கள் என்ன சாப்பிடுகிறார்கள் என்பது எங்களைவிட அவளுக்கு நன்றாகத் தெரியும்.

பணம்? பாங்க் டெபாசிட் ஒன்று முதிர்ந்திருந்தது. பழைய காரை மாற்றுவதா, சியோலா என்று இரண்டு நாள் விவாதம். வாங்கிய நாளிலிருந்தே காருக்குத் தேய்மானம் என்பது முதல் வருஷ அக்கவுண்டன்ஸி பாடம். அம்மாவின் முழங்காலுக்கும் தேய்மானம் உண்டு. அதற்கு எக்ஸ்சேஞ்ச் ஆஃபர் கிடையாது. தீர்ப்பு சியோல்.

வொன்னும் ரூபாயும்

இந்தியப் பாஸ்போர்ட்டுக்கு விசா அவசியம். சிங்கப்பூர், பாங்காக், கோலாலம்பூர் இப்படி ஏதாவது ஒரு ஊரில் மாறி இஞ்சான் விமான நிலையத்தில் இறங்கலாம். கடிகாரத்தை மூன்றரை மணி நேரம் முன்னால் தள்ளி வைக்க வேண்டும்.

விலைகளைப் பார்த்து மயக்கம் போடாமலிருக்க ஒரு சுலப வாய்ப்பாடு: இரண்டு சைபரை அடித்துவிட்டு ஆறால் பெருக்குங்கள். 10,000 வொன் என்றால் சுமார் 600 ரூபாய். ஒரு கிண்ணம் பிபிம்பாப், அதாவது சோற்றின் மேல் விதவிதமான காய்கறி அடுக்கிக் காரவிழுதோடு பிசைந்து சாப்பிடும் கலந்த சாதம், ஏறக்குறைய இந்த விலைதான். ஆளுக்கு ஒரு நாள் சாப்பாட்டுக்கு 30,000 வொன் ஒதுக்கினேன். நாலு பேருக்கு நாலு நாளில் சுமார் 28,800 ரூபாய். சுரங்க ரயிலுக்கு 'டீமணி' கார்டு வாங்கிப் பணம் ஏற்றிக்கொள்ளலாம். அடிப்படைக் கட்டணம் 2025 ஜூனிலிருந்து 1,550 வொன்.

எப்போது போவது? ஜூலையில் மழை. ஜனவரியில் குளிர் மைனஸுக்குப் போகும். அறுவடைப் பண்டிகையான சூசொக் சமயத்தில் ஏகப்பட்ட கடைகளுக்குப் பூட்டு. 2025-இல் அது அக்டோபர் 6-ஆம் தேதி வந்தது. ஆகவே நாங்கள் தீபாவளி முடிந்த கையோடு, புதன் முதல் சனி வரை என்று வைத்துக்கொண்டோம். மகளுக்கு ஸ்கூல் லீவு லெட்டர். காரணம்: 'குடும்ப விசேஷம்'. பொய்யில்லை.

ஒத்திகை

ஸ்ரீபெரும்புதூர் பக்கம் ஹூண்டாய் தொழிற்சாலை வந்த நாளிலிருந்து சென்னைக்குக் கொரியர்கள் வந்தார்கள். அவர்கள் பின்னாலேயே கொரிய ஹோட்டல்களும் வந்தன. கிளம்புவதற்கு ஒரு மாதம் முன்னால் அப்படி ஒரு ஹோட்டலுக்கு அம்மாவை அழைத்துப் போனோம். அப்பா காலமானதிலிருந்து அம்மா கறி, மீன் தொடுவதில்லை. முட்டை மட்டும் டாக்டர் உத்தரவு என்பதால் மாத்திரை மாதிரி. கீரையை வேகவைத்து நல்லெண்ணெய் விட்டுப் பிசறியிருந்தார்கள். "பரவாயில்லையே, நல்லெண்ணெயைத் தாராளமா விட்டிருக்கான்" என்றாள். பாஸ்!

சைவக்காரர்களுக்கு ஒரு எச்சரிக்கை. கிம்ச்சி வெறும் முட்டைக்கோஸ் ஊறுகாய்தானே என்று பாயாதீர்கள். பெரும்பாலும் மீன் சாறோ உப்பிட்ட இறாலோ அதற்குள் இருக்கும். சூப் சைவம் போலத் தெரியும், நெத்திலிக் கருவாட்டைக் கொதிக்க வைத்த தண்ணீராக இருக்கும். மனப்பாடம் செய்ய வேண்டிய மந்திரம்: "கோகி பெஜுசேயோ." கறி போடாமல் கொடுங்கள் என்று அர்த்தம். மீனுக்கு இந்த மந்திரம் பலிக்காது. அதைத் தனியாகச் சொல்லிக் கேட்க வேண்டும்.

ஒரு நாள், ஒரு சந்தை

என் திட்டத்தில் ஒரே ஒரு சட்டம். கடை எங்கேயோ அங்கேயே சாப்பாடு. ஒரு நாளைக்கு ஒரு பேட்டைதான். மத்தியானம் அறைக்குத் திரும்பி அம்மா காலை நீட்ட வேண்டும். தங்கியது பழைய பாணி விடுதி. தரைக்கு அடியிலிருந்து சூடேற்றும் 'ஓண்டோல்' அறை. தரையில் மெத்தை விரித்துப் படுக்க வேண்டும். கட்டிலே பிடிக்காத அம்மாவுக்கு இது ஐந்து நட்சத்திரம்!

முதல் நாள் நம்டேமுன் சந்தை. 1414-ஆம் ஆண்டு வரை இதன் வரலாறு போகிறது. நம்ம பாண்டி பஜாரையும் பாரிமுனையையும் ஒரே பையில் போட்டுக் குலுக்கினால் கிடைப்பது. துணி, பாத்திரம், பொம்மை, ஜின்செங் வேர் எல்லாம் உண்டு. மூக்குக் கண்ணாடிக் கடைகள் வரிசையாக இருக்கின்றன. ஞாயிறன்று நிறையக் கடைகள் திறக்காது. அங்கிருந்து நடந்து போகிற தூரத்தில் ம்யோங்டாங். க்ரீம் ராஜ்ஜியம்! சம்சாரம் உள்ளே போன கடைகளின் எண்ணிக்கையை நான் எண்ணவில்லை, பில்களை மட்டும் எண்ணினேன். சாயங்காலம் தெருவோரத் தள்ளுவண்டிகள் வரிசை கட்டின. சர்க்கரையும் பட்டைத்தூளும் உள்ளே வைத்துக் கல்லில் அழுத்திச் சுடும் 'ஹொத்தொக்' பலகாரத்தைப் பார்த்ததும் அம்மா சொன்னாள்: "போளி!"

வரிப்பணத்தை விடக் கூடாது. அங்கே விலையில் பத்து சதவீத வரி சேர்ந்திருக்கிறது. வரி திருப்பித் தரும் கடைகளில் ஒரே பில்லில் 15,000 வொன்னுக்குக் குறையாமல் வாங்கினால், கமிஷன் போக மீதி வெளிநாட்டுக்காரர்களுக்குத் திரும்பக் கிடைக்கும். 2024-க்கு முன் இந்த வரம்பு 30,000 ஆக இருந்தது. பல கடைகளில் பாஸ்போர்ட்டைக் காட்டினால் அங்கேயே கழித்துவிடுகிறார்கள். எனவே பாஸ்போர்ட் குடும்பத் தலைவர் பாக்கெட்டில் இருக்கட்டும். எங்கள் வீட்டில் அது சம்சாரத்தின் ஹாண்ட்பேக்.

மூன்றாம் நாள் க்வாங்ஜாங் சந்தை. 1905-இல் ஆரம்பித்தது. கல் உரலில் பாசிப்பயறை அரைத்து, எண்ணெயை ஆறாக ஓடவிட்டுப் பொரிக்கும் 'பிந்தேத்தொக்'தான் இங்கே ஹீரோ. அதில் பன்றிக் கறி சேர்ப்பதும் உண்டு என்பதால் அம்மா வாசனையோடு நிறுத்திக்கொண்டாள். ஆனால் விமரிசனம் பாக்கி இருந்தது. "பயத்தம் அடை. இன்னும் கொஞ்சம் கொரகொரன்னு அரைக்கலாம்." கடைக்காரம்மாவுக்குத் தமிழ் தெரியாது. அம்மா விரல்களைத் தேய்த்துக் காட்டிய பதம் மட்டும் புரிந்துவிட்டது. சிரித்துக்கொண்டே தலையாட்டினார்.

அங்கிருந்து சொங்கேசொன் ஓடையோரம் கிழக்கே நடந்தால் டொங்டேமுன் துணிக்கடைகள். இந்த ஓடையின் மேல் ஒரு காலத்தில் மேம்பாலம் ஓடியது. அதை இடித்துத் தள்ளிவிட்டு 2005-இல் தண்ணீரை மீட்டார்கள். கூவத்தைத் தினமும் தாண்டி ஆபீஸ் போகிறவர்கள் இந்த இடத்தில் ஒரு பெருமூச்சு விட்டுக்கொள்ளலாம்.

அந்த இரண்டாம் நாள்

இரண்டாம் நாளை வேண்டுமென்றே கடைசிக்கு வைத்தேன்.

காலையில் க்யோங்போக்குங் அரண்மனை. 1395-இல் கட்டியது. செவ்வாய்க்கிழமை லீவு. டிக்கெட் 3,000 வொன். வாடகைக்குக் கிடைக்கும் ஹான்போக் உடையைப் போட்டுக்கொண்டு போனால் இலவசம். மகள் போட்டுக்கொண்டாள். (வாடகை டிக்கெட்டைவிடப் பல மடங்கு. இதைக் கணக்கில் எழுதவில்லை!) பிறகு காகிதமும் கைவினைப் பொருளும் விற்கும் இன்சாடாங் தெரு. பக்கத்திலேயே ஜோக்யேசா புத்தர் கோயில். மத்தியானம் அதன் அருகே கோயில் உணவு பரிமாறும் விடுதியில் முன்பதிவு செய்திருந்தேன்.

புத்த பிட்சுக்களின் சமையல் அது. கறி, மீன் இல்லை. பூண்டு, வெங்காயம் உள்பட ஐந்து கார வகைகளையும் சேர்ப்பதில்லை. அம்மா எதையும் கேட்டுக் கேட்டுச் சந்தேகப்படாமல் சாப்பிடக்கூடிய இடம் என்றுதான் தேடிப் பிடித்தேன்.

முதலில் கஞ்சி வந்தது. நான் ஸ்பூனை எடுத்தேன். மகள் என் கையைத் தட்டிவிட்டாள்.

"அப்பா! பெரியவங்க ஸ்பூன் எடுத்த பிறகுதான் மத்தவங்க எடுக்கணும். சீரியல்ல பார்த்ததில்லையா? பாட்டி முதல்ல."

உண்மைதான். கொரிய மேஜையின் பழைய மரியாதை அது.

"நீங்க சாப்பிடுங்கடா. நான் அப்புறம்..." என்று அம்மா ஆரம்பித்தாள். அப்புறம் என்ன செய்யப் போகிறாள்? எழுந்துபோய்ப் பார்ப்பதற்கு அங்கே அடுப்பு இல்லை. யாருக்கும் தோசை திருப்ப வேண்டாம், ரசம் சுட வைக்க வேண்டாம். "ஏங்க, அத்தை எடுக்கட்டும்" என்று சம்சாரமும் கையைக் கட்டிக்கொண்டாள். பரிமாறிய அம்மாள் கொஞ்சம் தள்ளி நின்று பார்த்துக்கொண்டிருந்தார். மூன்று பேரும் காத்திருந்தோம்.

அம்மா எங்கள் முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தாள். ஸ்பூனை எடுத்து ஒரு வாய் வைத்தாள்.

"சூடா இருக்குடா" என்றாள்.

எல்லோரும் சாப்பிட்டு எழுந்த பிறகு, ஆறிப்போன மிச்சத்தை அடுப்படியில் உட்கார்ந்து சாப்பிட்டே பழகியவள். அவள் சூடாகச் சாப்பிட்டு நான் பார்த்தது எப்போது என்று யோசித்தேன். கணக்கில் புலி என்று பெயர் வாங்கியவனுக்கு விடை கிடைக்கவில்லை. கஞ்சி நன்றாக இருந்தது என்று சொன்னார்கள். எனக்குத் தொண்டையில் இறங்கக் கொஞ்ச நேரம் ஆயிற்று.

கொரிய மொழியில் குழந்தைகள் அம்மாவை 'ஒம்மா' என்றும் அப்பாவை 'அப்பா' என்றும் கூப்பிடுகிறார்கள். பக்கத்து மேஜைக் குழந்தை "ஒம்மா" என்றபோதெல்லாம் அம்மா திரும்பித் திரும்பிப் பார்த்தாள்.

மூட்டை கட்டுதல்

கடைசி நாள், சியோல் ஸ்டேஷனை ஒட்டிய பெரிய சூப்பர் மார்க்கெட்டில் பாக்கி ஷாப்பிங். எள், காரவிழுது, நூடுல்ஸ் எல்லாம் டூரிஸ்ட் ஏரியாவைவிட இங்கே மலிவு. கிம்ச்சி வாங்கினால் கைப்பையில் வைக்காதீர்கள். தண்ணீர்ப் பொருள் கணக்கில் சேர்த்து விமான நிலையத்தில் பிடுங்கிவிடுவார்கள். பெட்டிக்குள் போட்டு லக்கேஜில் அனுப்புங்கள். அதே ஸ்டேஷனிலிருந்து எக்ஸ்பிரஸ் ரயில் சுமார் முக்கால் மணியில் விமான நிலையத்தில் கொண்டு விடுகிறது.

'ஒண்ணும் வேண்டாம்' அம்மா வாங்கியது ஒரே ஒரு சாமான். அங்கே சோறு வைத்துத் தரும், மூடி போட்ட எவர்சில்வர் கிண்ணம். "மூடி வச்சா ஆறாது" என்றாள். நான் நாலாக வாங்கினேன்.

ஊருக்கு வந்ததும் மகள் ஒரு சட்டம் போட்டிருக்கிறாள். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் பாட்டி முதல் வாய் வைக்காமல் யாரும் சாப்பிடக்கூடாது. மற்ற ஆறு நாள்? மசோதா பரிசீலனையில் இருக்கிறது. தோசை சுடும் பொறுப்பு யாருக்கு என்பதில்தான் ஆளுங்கட்சிக்குள் கருத்து வேறுபாடு.

உங்கள் எப்.டி. எப்போது முதிர்கிறது என்று பாருங்கள். அப்படியே அம்மா மாடிப்படி ஏறும்போது எத்தனை தடவை நிற்கிறாள் என்றும் பாருங்கள். இரண்டில் எது அவசரம் என்பதற்கு பி.காம். தேவையில்லை.