பெயரும் தழும்பும்

பெயர்களின் பொருளைத் தேடிப் பார்ப்பது எனக்கு நெடுநாளைய பழக்கம். கிரேக்கப் புராணக் கதைகளைப் படிக்கும்போது அப்பழக்கம் இன்னும் வலுப்பெறும். அக்கதைகளின் மாவீரர்களுடைய பெயர்களுக்கு விளக்கம் எழுதியோர் பலர். என் நெஞ்சில் தங்கியவளோ ஒரு முதியவள். ஹோமரின் ‘ஒடிசி’ காவியத்தில் வரும் செவிலித்தாய் யூரிக்ளியா.

கிரேக்க மொழியில் அப்பெயருக்குப் ‘பரந்த புகழ் உடையவள்’ என்று பொருள். ஆனால் அவள் ஓர் அடிமை. இத்தாக்கா தீவின் அரசன் லேர்ட்டீஸ், அவளுடைய இளமைப் பருவத்தில், 20 எருதுகளின் விலைக்கு அவளை வாங்கினான். விலைக்கு வாங்கப்பட்ட ஒருத்திக்கு இத்தனை பெரிய பெயரா? கவிஞர் அதோடு நிற்கவில்லை. அரச குலத்தாரை அறிமுகம் செய்வதுபோல அவளுடைய தந்தையின் பெயரையும் பாட்டனின் பெயரையும் சேர்த்தே சொல்கிறார்.

அரசனுக்கு மகன் பிறந்தபோது தாய்வழிப் பாட்டன் ஆட்டோலிக்கஸ் பார்க்க வந்தான். குழந்தையை அவன் மடியில் கிடத்தியவள் யூரிக்ளியா. “நீங்கள் பலமுறை வேண்டிக்கொண்ட பிள்ளை இது; நீங்களே பெயர் சூட்டுங்கள்” என்ற கருத்தில் அவள் பேசினாள். அந்தச் சொற்களுக்குள்ளேயே ‘வேண்டிப் பெற்றவன்’ என்றதொரு பெயர் ஒளிந்திருந்தது. பாட்டனோ அதைக் கவனியாதவன்போல, “பலர்மீதும் சினங்கொண்டு வந்திருக்கிறேன், ஆகவே இவன் பெயர் ஒடிசியஸ்” என்றான். சினத்தையும் வெறுப்பையும் குறிக்கும் கிரேக்கச் சொல்லை ஒட்டியது அப்பெயர். அன்பு முன்மொழிந்தது ஒன்று. அதிகாரம் சூட்டியது மற்றொன்று.

ஆண்டுகள் உருண்டன. திராய் நகரத்துப் போருக்குச் சென்ற ஒடிசியஸ், 20 ஆண்டுகளுக்குப் பின் பிச்சைக்காரன் கோலத்தில் தன் வீட்டுக்கே திரும்பினான். தன் பெயரை அவன் மறைத்தே வைத்திருந்தான். எதிரே அமர்ந்து பேசிய மனைவி பெனலோப்பிக்கும் தன்னை வெளிப்படுத்தவில்லை. அவன் கால்களைக் கழுவ வந்தாள் யூரிக்ளியா. இளமையில் காட்டுப்பன்றி கிழித்த தழும்பு அவள் கைகளில் தட்டுப்பட்டது. பிடித்திருந்த காலை நழுவவிட்டாள். பாத்திரம் சாய்ந்து நீர் தரையில் கொட்டியது. பெயர் மறைத்தவனை அவள் விரல்கள் அறிந்துகொண்டன. அவனோ அவள் தொண்டையைப் பற்றி, பேசாதிருக்குமாறு எச்சரித்தான். பரந்த புகழ் என்று பெயர் கொண்டவள், தான் அறிந்த மாபெரும் செய்தியை மௌனமாகச் சுமக்க நேர்ந்தது.

இந்த இடத்தை வாசிக்கும் பொழுதெல்லாம் புத்தகத்தை மூடிவிடுகிறேன். சிறுவயதில் எங்கள் வீட்டில் என்னைக் குளிப்பாட்டி, சோறூட்டி வளர்த்த மூதாட்டி ஒருவர் நினைவுக்கு வருகிறார். என் முழங்காலில் உள்ள தழும்பு எந்த நாளில், எந்தப் படியில் விழுந்ததால் வந்தது என்பதை என் தாயைவிட நன்கு அறிந்தவர் அவர். நாங்கள் அவரை ‘ஆயா’ என்றே அழைத்தோம். அவருக்கென்று ஒரு பெயர் இருந்திருக்கும். அதற்கொரு பொருளும் இருந்திருக்கும். அவர் உயிரோடிருந்தவரை நான் அதைக் கேட்கவில்லை. இன்று கேட்டறிய எவரும் இல்லை.

யாரோ ஒரு கவிஞர், ஏறத்தாழ 2,700 ஆண்டுகளுக்கு முன், கால் கழுவிய அடிமைப் பெண்ணின் பெயரை மறவாமல் பதித்துவைத்தார். பெயர்களின் பொருளைத் தேடி அலைந்த நானோ, என்னைத் தூக்கி வளர்த்த கைகளுக்கு உரியவரின் பெயரைத் தேடவில்லை. அன்பரே, உங்கள் வீட்டிலும் அப்படி ஒருவர் இருக்கக்கூடும். இன்றே அவரிடம் பெயரைக் கேளுங்கள்.