ஒரு ஆட்டத்தை அழித்த கதை



அரசு அலுவலகத்தில் வேலை பார்த்தவர்களுக்கு ஓ.மு., மூ.மு., ப.மு., நி.மு. என்ற எழுத்துகளை விளக்க வேண்டியதில்லை. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். ஒரு கோப்பின் வேலை முடிந்ததும் அதை எத்தனை காலம் வைத்திருக்க வேண்டும் என்று முடிவு செய்து எழுதுவோம். ஓராண்டு முடிவு, மூன்றாண்டு முடிவு, பத்தாண்டு முடிவு, நிரந்தர முடிவு. காலம் கடந்த கோப்பைப் பதிவறையிலிருந்து எடுத்து அழிக்கலாம். ஆனால் எடுத்தோம், கிழித்தோம் என்று செய்துவிட முடியாது. பட்டியல் போட வேண்டும். மேலே உள்ளவர் கையெழுத்து வேண்டும். எது எப்போது அழிக்கப்பட்டது என்று குறிப்பு ஏற வேண்டும். காகிதம் போகலாம், அது இருந்தது என்ற குறிப்பு போகக் கூடாது. முப்பது வருடத்துக்கு மேல் இதைப் பார்த்தவன் நான்.

இந்தக் கோடை விடுமுறையில் அதே வேலையை ஒரு விளையாட்டுப் பெட்டியில் செய்ய வேண்டி வந்தது.

பெட்டியின் பெயர் கேம்பாய். ஜப்பானின் நின்டென்டோ நிறுவனம் 1989-ல் முதன்முதலாக வெளியிட்டது. எங்கள் வீட்டுக்கு வந்தது 1998-ல் வெளியான கேம்பாய் கலர் என்ற மாதிரி, ஊதா நிறம். இரண்டு பேட்டரிக் கட்டை போட்டால் ஓடும். திரைக்குப் பின்னால் விளக்குக் கிடையாது. பகல் வெளிச்சத்தில் சாய்த்துப் பிடித்தால்தான் படம் தெரியும். அதற்கு நம் ஊர்த் திண்ணை நல்ல இடம். முதுகுப் பக்கத்தில், இரண்டு தீப்பெட்டியைச் சேர்த்து வைத்த அளவில் ஒரு பிளாஸ்டிக் வில்லையைச் செருக வேண்டும். அதைத்தான் கேட்ரிட்ஜ் என்கிறார்கள். ஒரு கேட்ரிட்ஜில் ஒரு ஆட்டம்.

எங்களுக்கு வந்த ஆட்டம் போக்கிமான், சிவப்பு. சதோஷி தஜிரி என்ற ஜப்பானியர் உருவாக்கியது. சின்ன வயதில் பூச்சி பிடித்துச் சேர்க்கும் பழக்கம் உள்ளவர். அந்த ஆசையையே பிறகு ஆட்டமாக்கினார். 1996-ல் ஜப்பானில் வந்தது, 1999-ல் பிரெஞ்சு மொழியில் பிரான்சுக்கு வந்தது. மொத்தம் 151 விதமான உயிரினங்கள். காட்டிலும் குகையிலும் தேடிப் பிடிக்க வேண்டும், வளர்க்க வேண்டும், மற்றவர்களுடையதோடு மோதவிட வேண்டும். நாம் பொன்வண்டைப் பிடித்துத் தீப்பெட்டியில் போட்டு, இலை வைத்து வளர்த்தோமே, அதையே நினைத்துக்கொள்ளுங்கள். பாதி புரிந்துவிடும்.

ஜப்பான் பெட்டி பிரெஞ்சு பேசிக்கொண்டு ஆட்டையாம்பட்டிக்கு எப்படி வந்தது என்று கேட்பீர்கள். அப்பா புதுச்சேரி ஆலையில் தறி ஓட்டியதால் நானும் அக்காவும் அங்கே பிரெஞ்சு வழியில் படித்தோம். அக்கா பிரெஞ்சுக் குடியுரிமை உள்ள குடும்பத்தில் வாழ்க்கைப்பட்டு, 1970-களில் பாரிஸ் பக்கம் போய்விட்டார். இரண்டு வருடம் முன்பு அங்கேயே காலமானார். வீட்டைக் காலி செய்தபோது கிடைத்த பொருள்களில் சிலவற்றை அக்கா மகன் போன பொங்கலுக்கு வந்தபோது கொண்டுவந்தான். அதில் இதுவும் ஒன்று. அவனுடைய மகன் சிறுவனாக இருந்தபோது விளையாடியது. "சின்னவன் வச்சுக்கட்டும் மாமா" என்று என் மகள் வயிற்றுப் பேரனிடம் கொடுத்துவிட்டுப் போனான்.

பேரனுக்குப் பத்து வயது. கோடை விடுமுறை விட்டதும் பெட்டியை எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தான். "தாத்தா, இது இங்கிலீஷ் இல்ல. என்ன எழுதியிருக்கு?" என்றான். நான் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படித்தேன். மேலே 'கோந்தினுவே', அதாவது தொடர்க. கீழே 'நூவெல் பார்த்தி', புது ஆட்டம். ஐம்பது வருடமாக எந்த அலுவலகத்திலும் பயன்படாத என் பிரெஞ்சு, கடைசியில் ஒரு பொம்மைப் பெட்டிக்குப் பயன்பட்டதில் எனக்குச் சந்தோஷம்தான்.

தொடர்க என்பதை அழுத்தினோம். ஒரு சிறு கட்டம் வந்தது. ஆடியவர் பெயர், வாங்கிய பதக்கம் எட்டு, ஆடிய நேரம் 143 மணி. பெயர் ஏழு எழுத்துக்குள் அடங்க வேண்டும் என்பதால் அக்கா பேரன் தன் பெயரைச் சுருக்கி வைத்திருந்தான். 143 மணி என்றால் நம் கணக்கில் பதினெட்டு அலுவலக நாள்.

உள்ளே போய் அவன் வளர்த்த பட்டியலைப் பார்த்தபோதுதான் எனக்கு விஷயம் பிடிபட்டது. இந்த ஆட்டத்தில் பிடித்த உயிரினத்துக்கு நாமே செல்லப்பெயர் வைக்கலாம். நெருப்புக் கக்கும் பெரிய பறவைப் பல்லி ஒன்று, அதன் பெயர் 'வெயில்'. சுருண்டு கிடக்கும் பாம்பு ஒன்று, அதன் பெயர் 'முறுக்கு'. எப்போதும் தூங்கிக்கொண்டே இருக்கும் ஒரு பெரிய தொந்திக்காரப் பிராணி, அதற்குப் பெயர் 'ஆயா'. எல்லாம் ரோமன் எழுத்தில், வாய்க்கு வந்தபடி எழுத்துக்கூட்டி வைத்தது.

2000-ம் வருடம் ஜூலையில் அந்தப் பையனை அக்கா இங்கே கூட்டி வந்திருந்தார். அவனுக்கு அப்போது பதினொரு வயது. வெயில் தாங்காமல் பகல் முழுக்கத் திண்ணையில் உட்கார்ந்து கையில் எதையோ வைத்துத் தட்டிக்கொண்டிருப்பான். பக்கத்துத் தெருவில் பெண்கள் மாவை விரலால் முறுக்கி முறுக்கிச் சுற்று விடுவதை மட்டும் எழுந்து போய் மணிக்கணக்காகப் பார்ப்பான். கைமுறுக்குக்குப் பெயர்போன ஊர் என்று நமக்குத் தெரியும். அவனுக்கு அது பாம்பாகத் தெரிந்திருக்கிறது. புதுச்சேரி வழக்கில் பாட்டியை ஆயா என்பார்கள். அக்கா மதியச் சாப்பாடு முடிந்து கூடத்தில் படுத்தால் குறட்டை தறிச் சத்தத்தை மீறிக் கேட்கும். ஆக அந்த ஆட்டம் தொடங்கியதே நம் திண்ணையில்தான்.

இப்போது சிக்கலுக்கு வருகிறேன். இந்தக் கேட்ரிட்ஜில் ஒரே ஒருவர் ஆட்டத்தைத்தான் சேமிக்க முடியும். பேரன் ஆட வேண்டுமென்றால் பழையது போக வேண்டும்.

போவதற்கு இரண்டு வழி. புது ஆட்டம் என்பதை அழுத்தி ஆடத் தொடங்கலாம். அதுவரை பழையதுக்கு ஒன்றும் ஆகாது. ஆனால் முதன்முறை சேமிக்கப் போகும்போது, பழைய பதிவு அழியும், சரிதானா என்று கேட்கும். சரி என்றால் அதன்மேல் இது ஏறிவிடும். இன்னொரு வழி, தலைப்புப் படம் தெரியும்போது மேல் அம்பு, பி, செலக்ட் என்ற மூன்று பொத்தானையும் சேர்த்து அழுத்துவது. எல்லாவற்றையும் அழிக்கவா என்று நேராகவே கேட்கும். அதிலும் அம்புக்குறி முதலில் 'நோன்', அதாவது வேண்டாம் என்பதில்தான் நிற்கும். நாமாக அதைக் கீழே இறக்கி 'வீ' என்பதில் வைத்தால்தான் அழியும். தெரியாமல் கை பட்டு ஒரு பிள்ளையின் உழைப்புப் போய்விடக் கூடாது என்று யோசித்து வைத்திருக்கிறார்கள். நம் பதிவறை விதிக்கு இது கொஞ்சமும் குறைந்ததில்லை.

பதிவேட்டில் மேல் எழுதுவது கூடாது என்று நமக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள். தவறான எண்ணைக் கோடு போட்டு அடித்து, பக்கத்தில் சரியானதை எழுதி, சுருக்கொப்பம் இட வேண்டும். அதனால் மூன்று பொத்தான் வழியே சரி என்று பேரனிடம் சொன்னேன். ஆனால் ஒப்புதல் யாரிடம் வாங்குவது? பெட்டி இவனுடையது, ஆட்டம் அவனுடையது.

பாரிசுக்குப் போன் போட்டேன். அக்கா பேரனுக்கு இப்போது முப்பத்தாறு வயது, அவனுக்கே ஒரு பெண் குழந்தை இருக்கிறது. விஷயத்தைச் சொன்னதும் சிரித்தான். "அது இன்னும் இருக்கா தாத்தா? அழிச்சிடுங்க, தம்பி ஆடட்டும்" என்றான் பாதித் தமிழும் பாதிப் பிரெஞ்சுமாக. நான் பட்டியலைப் படித்தேன். வெயில், முறுக்கு என்றதும் மறுபடி சிரித்தான். ஆயா என்றதும் பேச்சைக் காணோம். லைன் போய்விட்டதோ என்று நினைத்தேன். அப்புறம், "ஆயா எத்தனாவது லெவல்?" என்று கேட்டான். 62 என்றேன். "நல்லா வளர்த்திருக்கேன்" என்றான்.

வேறொரு கேம்பாயும் இணைப்புக் கம்பியும் இருந்தால் அந்தப் பிராணியை மட்டும் இன்னொரு கேட்ரிட்ஜுக்கு மாற்றிவிடலாம். எத்தனை கை மாறினாலும் முதலில் பிடித்தவரின் பெயரும் எண்ணும் அதோடு கூடவே போகும், நம் மூலப் பத்திரம் மாதிரி. ஆனால் அவனிடமும் வேறு கேட்ரிட்ஜ் இல்லை, எங்களிடமும் இல்லை. வைத்துக்கொள்ளட்டுமா, அழிக்க வேண்டாமா என்று திரும்பவும் கேட்டேன். கொஞ்சம் யோசித்துச் சொன்னான்: "அழிக்கலாம் தாத்தா. ஆனா ஆயா யாருன்னு தம்பிக்குச் சொல்லிட்டு அழிங்க."

அதுதான் எனக்கு வந்த உத்தரவு.

அன்று சாயந்திரம் பேரன் ஒரு நாற்பது பக்க நோட்டை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தான். ஒவ்வொரு பிராணியின் பெயர், லெவல் எல்லாவற்றையும் எழுதினான். என் கைப்பேசியில் ஒவ்வொரு திரையையும் படம் எடுத்தான். ஆயா பக்கம் வந்ததும் நான் சொல்லச் சொல்ல எழுதினான். தாத்தாவின் அக்கா. புதுச்சேரியில் பள்ளிக்கூடம் போகும்போது தாத்தா கையை விடாமல் பிடித்துக்கொண்டு ரோடு தாண்டுவார். பிரெஞ்சு வாக்கியத்தில் தப்பு வந்தால் தலையில் குட்டுவார். பிரான்சிலிருந்து வரும்போதெல்லாம் பிஸ்கட் டின்னில் சாக்லேட் கொண்டுவருவார், அதே டின்னில் கைமுறுக்கு நிரப்பிக்கொண்டு போவார். குறட்டை விடுவார். கேட்டால் விடவில்லை என்பார். பேரன் அக்காவைப் பார்த்தது கைக்குழந்தையாக இருந்தபோது ஒரே ஒரு தடவை. இவ்வளவும் அவனுக்குத் தெரியாது. கேட்ரிட்ஜ் வராமல் இருந்திருந்தால் நானும் சொல்லியிருக்க மாட்டேன்.

பிரெஞ்சில் அழிப்பதற்கு 'எஃபாசே' என்று ஒரு சொல் உண்டு. வகுப்பில் கரும்பலகையைத் துடைக்கச் சொல்லும்போது தினமும் காதில் விழுந்த சொல். 'ஃபாஸ்' என்றால் முகம். முகத்தைப் போக்குவது என்பதிலிருந்து வந்த சொல் அது. பள்ளிக்கூடத்தில் இதை யோசித்ததில்லை, அன்றைக்குத்தான் நினைவுக்கு வந்தது.

மறுநாள் காலையில் பேரனே மூன்று பொத்தானையும் அழுத்தினான். கேள்வி வந்தது. அம்புக்குறி வேண்டாம் என்பதில் நின்றது. என் முகத்தைப் பார்த்தான். தலையாட்டினேன். இறக்கினான், அழுத்தினான். ஒரு நொடிகூட ஆகவில்லை. திரும்பத் தலைப்புப் படம் வந்தது. உள்ளே போனால் தொடர்க என்ற வரியே இல்லை.

இதோடு முடியவில்லை. ஆட்டத்தின் நிரல் ஒரு சில்லில் நிரந்தரமாக இருக்கிறது, அது போகாது. ஆனால் நாம் சேமிப்பது இருப்பது வேறொரு சில்லில். அதற்கு எப்போதும் துளி மின்சாரம் போய்க்கொண்டே இருக்க வேண்டும். அதற்காகக் கேட்ரிட்ஜுக்குள்ளேயே காசு வடிவ பேட்டரி ஒன்றைப் பற்றவைத்திருக்கிறார்கள். கருவியில் போடும் கட்டைக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. இது தீர்ந்தால் ஆட்டம் ஓடும், சேமித்தது மட்டும் இருக்காது. இருபத்தைந்து வருடம் தாங்கியதே பெரிது. பேரன் உழைப்பும் அப்படிப் போய்விடக் கூடாதே என்று சேலத்தில் கைப்பேசி பழுது பார்க்கும் ஒரு கடைக்கு எடுத்துப் போனோம். கேட்ரிட்ஜின் திருகு சாதாரணத் திருப்புளிக்கு மசியாது, அதற்கென்று தனி முனை வேண்டும். அந்தத் தம்பியிடம் இருந்தது. பழைய பேட்டரியைச் சூடு வைத்து எடுத்துவிட்டு, தகடு வைத்த புதியதைப் பற்றவைத்தார்.

"இதைக் கழட்டினாலே உள்ள இருந்தது எல்லாம் போயிருக்குங்க ஐயா. அழிக்கிற வேலையே தேவையில்லை" என்றார்.

அவர் சொன்னது சரிதான். பேட்டரியைக் கழற்றாமல் விட்டிருந்தாலும் இன்னும் ஒரு வருடத்திலோ இரண்டு வருடத்திலோ தானாகப் போயிருக்கும். வேண்டாம் என்ற இடத்தில் அம்புக்குறி நிற்காது. யாரையும் கேட்காது. ஆயா என்று ஒரு பிராணி உள்ளே இருந்தது எங்களில் ஒருவருக்கும் தெரிந்திருக்காது. அழிக்க உட்கார்ந்ததால்தான் பட்டியல் போட்டோம், பாரிசுக்குப் பேசினோம், அக்காவைப் பற்றி ஒரு சாயந்திரம் முழுக்கப் பேசினோம்.

உங்கள் வீட்டுப் பரணிலும் இதுபோல ஏதாவது இருக்கும். பழைய கேசட், பழைய கைப்பேசி, வெளிநாட்டிலிருந்து பிள்ளைகள் கொண்டுவந்த ஏதோ ஒரு பெட்டி. குப்பையில் போடுங்கள் அல்லது வைத்துக்கொள்ளுங்கள், அது உங்கள் விருப்பம். அதற்கு முன் ஒரு தடவை திறந்து பாருங்கள். யாருடையதோ அவரைக் கேளுங்கள். ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். காகிதத்துக்குப் பேட்டரி வேண்டாம்.

பேரன் இப்போது மூன்றாவது பதக்கத்தில் இருக்கிறான். வசனம் வரும்போதெல்லாம் கூப்பிடுகிறான், நான் போய்ப் படித்துச் சொல்கிறேன். அந்த நாற்பது பக்க நோட்டு என் அலமாரியில் இருக்கிறது. அட்டையில் சிவப்பு மையில் நி.மு. என்று எழுதியிருக்கிறேன்.