அம்மாமாரின் முன் ஒரு கமரா

2017 பெப்ரவரி 20 அன்று கிளிநொச்சி கந்தசுவாமி கோவில் முன்றலில் காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவுகள் போராட்டத்தில் குந்தியபோது, அங்கே கமராக்களுக்குக் குறைவிருக்கவில்லை. அதற்கு நாலு வருசம் முன்னர், வாய் திறக்கவே சனம் பயந்திருந்த காலத்தில், தமிழ்நாட்டிலிருந்து வந்து இந்தத் துயரத்தைப் படமாக்கியவர் லீனா மணிமேகலை. அந்த ஆவணப்படம் 'வெள்ளை வான் கதைகள்'. ஒரு சுயாதீன இயக்குநரின் பயணத்தை விருதாலும் வசூலாலும் அளக்க எனக்கு மனம் வருவதில்லை. யாருக்குப் பக்கத்தில் போய் இருந்தார் என்றுதான் பார்க்கிறேன்.

லீனா 2002இல் 'மாத்தம்மா'வோடு தொடங்கினார். சிறுமிகளைத் தெய்வத்துக்கு நேர்ந்துவிடும் வழக்கத்தைப் பற்றிய ஆவணப்படம் அது. பெரிய நிறுவனம் எதுவும் பின்னால் இல்லை. பிறகு வந்த 'தேவதைகள்' 2008 மும்பை சர்வதேசத் திரைப்பட விழாவில் தங்கச் சங்கு பெற்றது. அதில் மூன்று பெண்கள்: சாவீட்டில் ஒப்பாரி பாடுகிறவர், கடலில் தொழில் செய்கிறவர், புதுச்சேரியில் உரிமை கோர ஆளில்லாத பிணங்களை எடுத்து அடக்கம் செய்யும் கிருஷ்ணவேணி. இந்த மூன்றாமவரை வன்னியில் இருந்துகொண்டு பார்ப்பது வேறு அனுபவம். அங்கே உடல் கிடக்கிறது, தேடி வர ஒருவருமில்லை. இங்கே தேடுகிற தாய் இருக்கிறாள், உடலுமில்லை, உயிரோடு இருக்கிறான் என்ற சேதியுமில்லை. கிருஷ்ணவேணி யாரோ பெற்ற பிள்ளைக்கு மண் போடுவதைப் பார்க்கையில், என் பிள்ளைக்கும் எவராவது இப்படிச் செய்திருப்பார்களோ என்று எங்கள் தாய்மாருக்கு நெஞ்சு பதறாதா?

'செங்கடல்' தனுஷ்கோடி மீனவரையும் இங்கிருந்து படகேறிப் போன அகதிகளையும் பற்றியது. திரைக்கதையில் எழுத்தாளர் ஷோபாசக்தியும் பங்கேற்றார். தணிக்கைக் குழு சான்றிதழ் தர மறுத்தது. 2011இல் மேல்முறையீட்டில் வென்றுதான் படம் வெளியே வந்தது. ஒரு படத்தை எடுக்கும் உழைப்புக்கு மேல், எடுத்ததைக் காட்டுவதற்கும் இவ்வளவு அலைய வேண்டியிருந்தது. இப்படி அலைந்தவர் அடுத்ததாகப் பாதுகாப்பான கதையொன்றைத் தேடிப் போயிருக்கலாம். அவர் வந்தது எங்கள் பக்கம்.

2013இல் இங்கே இராணுவக் கெடுபிடி. அந்நிய முகம் ஒன்று வீட்டு வாசலில் நின்றால், பின்னேரமே சிவில் உடுப்பில் ஆள் வந்து விசாரிக்கும். அந்த நிலையிலும் வடக்கு, கிழக்கு, தெற்கு என்று மூன்று திசையிலும் பெண்கள் அவருக்குக் கதைத்தார்கள். அவர்களை எனக்குத் தெரிந்த அம்மாமாரை வைத்தே விளங்கிக்கொள்கிறேன். கதைக்கத் தொடங்குமுன் சொப்பிங் பையொன்று வரும். பொலிஸ் முறைப்பாட்டுப் பிரதி, செஞ்சிலுவைச் சங்கத் துண்டு, மனித உரிமைகள் ஆணைக்குழுவின் கடிதம் எல்லாம் மடிப்புக் கிழிந்தபடி அதற்குள் இருக்கும். கடைசியாக லமினேட் செய்த படம். பாடசாலை வெள்ளைச் சட்டையோடு எடுத்த சின்னப் படத்தைப் பெருப்பித்து, ஸ்ரூடியோக்காரர் பின்னால் நீலம் போட்டிருப்பார். அதைச் சேலைத் தலைப்பால் துடைத்துவிட்டுத்தான் அம்மா வாய் திறப்பா. அந்தத் துடைப்பு முடியும்வரை பொறுத்திருக்கிறவர்தான் என்னளவில் இயக்குநர்.

கொழும்பில் பொதுநலவாய மாநாடு நடந்த 2013 நவம்பரில், 'வெள்ளை வான் கதைக'ளின் ஒரு பகுதியைப் பிரித்தானியாவின் சனல் 4 ஒளிபரப்பியது. உலகம் பார்த்தது. ஆனால் படம் எடுத்தவர் விமானம் ஏறலாம், கதைத்தவர் அதே வளவில்தான் இருக்க வேண்டும். "எங்கட படத்தை எங்களுக்கு ஆர் பிள்ளை காட்டினது?" என்று ஓர் அம்மா கேட்டதுக்கு என்னிடம் பதில் இருக்கவில்லை. படமெடுக்க வன்னிக்கு வந்த எல்லாரையும் நோக்கிய கேள்வி அது. லீனாவை மதிக்கிற நான், அவருக்கும் அது பொருந்தும் என்றே நினைக்கிறேன்.

அதற்குப் பிறகும் அவர் ஓயவில்லை. புதிரை வண்ணார் சமூகத்துப் பெண்ணொருத்தியின் கதையான 'மாடத்தி'யைப் பலரிடம் சிறுகச் சிறுகச் சேர்த்த பணத்தில் எடுத்து, 2019இல் பூசான் திரைப்பட விழாவுக்குக் கொண்டுபோனார்.

யாழ்ப்பாணத்தில் 2015 முதல் சர்வதேசத் திரைப்பட விழா நடக்கிறது. வன்னிச் சனத்துக்கு அங்கே போய்வரும் பஸ் செலவே பாரம். கிளிநொச்சியிலோ முல்லைத்தீவிலோ ஒரு பாடசாலை மண்டபம் போதும், ஒரு புரொஜெக்டர், ஒரு வெள்ளைச் சீலை. 'தேவதைக'ளையும் 'வெள்ளை வான் கதைக'ளையும் போட்டு, முன்வரிசையில் அந்த அம்மாமாரை இருத்த வேண்டும். படம் முடிந்ததும் அவர்கள் சொல்லும் குறையை இயக்குநர் நேரில் இருந்து கேட்க வேண்டும். போராட்டத்தில் இருந்த அம்மாமாரில் பலர் பிள்ளையைக் காணாமலே கண்மூடிவிட்டார்கள். மிச்சப்பேர் இருக்கும்போதே இதைச் செய்ய வேண்டும்.