வேல் பெருசா, ஸ்டிங் பெருசா?

 

கந்த சஷ்டி நெருங்கிடுச்சு. உபயப் பட்டியலைத் தனியா போடுறோம், இது வேற விஷயம். கொஞ்சம் நீளமா இருக்கும், பசியாறிட்டு நிதானமா படிங்க.

நம்ம தேவார வகுப்புல படிவம் மூன்று படிக்கிற பையன் ஒருத்தன். அன்னதானத்துக்கு வெங்காயம் உரிச்சுக்கிட்டு இருக்கும்போது, "அங்கிள், முருகன் வேல் பெருசா, ஸ்டிங் பெருசா?"னு எங்ககிட்ட கேட்டான். நாங்க வாயைத் திறக்கிறதுக்குள்ள பக்கத்துல இருந்த பெரியவர் ஒருத்தர், "வெள்ளைக்காரன் மந்திரக் கத்தி கதையெல்லாம் ஆலயத்துக்குள்ள பேசாதே"னு சத்தம் போட்டுட்டாரு. அவரோட பக்தியை நாங்க குறை சொல்லல. ஆனா ரெண்டு வாரமா பையனைக் காணோம். உரிக்க வேண்டிய வெங்காயமும் அப்படியே கிடக்கு, அதை விடுங்க. தானா வந்து நிக்கிற பிள்ளைங்க நமக்கு எத்தனை பேரு?

அவன் கேட்டது என்னன்னு முதல்ல தெரிஞ்சுக்குவோம்னு இறங்கினோம். எங்க குழுவுல ஒருத்தரோட மகள் அந்தப் புத்தகங்களை வச்சிருந்தா. அவளை உட்கார வச்சுக் கதையைச் சொல்லச் சொன்னோம். எழுதினவர் டோல்கியன், ஆக்ஸ்ஃபர்டுல பேராசிரியர். முதல் உலகப் போர்ல, 1916-ல, சோம் போர்க்களத்துல நின்னவர். 'ஹாபிட்' 1937-ல வந்தது, 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' 1954, 1955-ல. அப்புறம் 2001-ல இருந்து மூணு படம். ஒவ்வொண்ணும் மூணு மணி நேரம், நைட் ஷிப்ட் முடிச்சிட்டுப் பார்க்கிற படமில்ல.

ஸ்டிங் ஒரு சின்ன வாள். நம்ம உயரத்து ஆளுக்கு அது கத்தி மாதிரி, பில்போங்கிற குள்ள மனுஷனுக்குத்தான் வாள். 'ஓர்க்'னு சொல்ற அரக்கக் கூட்டம் பக்கத்துல வந்தா அது நீலமா ஒளி விடும். பிள்ளைங்களுக்குப் பிடிச்சது அந்த ஒளிதான். எங்களைப் பிடிச்சு நிறுத்தினது வேற இடம்.

மலைக்கு அடியில இருட்டுக் குகை. கோல்லம்னு ஒரு ஜென்மம், ஒரு மோதிரத்தை ஏறக்குறைய 500 வருஷம் வச்சிருந்து, அந்த ஆசையிலேயே மனுஷ ரூபம் கெட்டுப் போனது. அந்த மோதிரம் பில்போ கைக்கு வந்துடுது. அதைப் போட்டா ஆள் கண்ணுக்குத் தெரிய மாட்டான். வெளியே போற வழியை மறிச்சுக்கிட்டு கோல்லம் உட்கார்ந்திருக்கு, அது கையில ஆயுதம் இல்ல. பில்போ கையில ஸ்டிங். ஒரே குத்துல முடிச்சிருக்கலாம், யாரும் கேட்கப் போறதில்ல. ஆனா அந்த இருட்டுல அது தனியா வாழ்ந்த வாழ்க்கையை நினைச்சு அவனுக்கு இரக்கம் வந்துடுது. குத்தாம, அது தலைக்கு மேல தாவி ஓடிடுறான்.

எங்க குழுவுல பாதிப் பேரு ஃபேக்டரி ஆளுங்க. பிரஸ் மிஷின்ல புது ஆள் வந்தா முதல்ல எங்க கூட்டிட்டுப் போவோம் தெரியுமா? சிவப்பு பட்டன்கிட்ட. நிறுத்தக் கத்துக்கிட்ட பிறகுதான் ஓட்டக் கொடுப்போம். அதனால இந்தக் கதையைக் கேட்டதும் எங்களுக்கு அஸ்வத்தாமன் ஞாபகம்தான் வந்தது. துரோணர் மகன், பிரம்மசிர அஸ்திரம் தெரிஞ்சவன். தூங்கிக்கிட்டு இருந்தவங்களை ராத்திரியில வெட்டிட்டு வந்தவன், பாண்டவர்கள் துரத்திப் பிடிச்சதும் ஒரு புல்லை எடுத்து மந்திரம் சொல்லி ஏவுறான். அர்ச்சுனனும் பதிலுக்கு ஏவுறான். ரெண்டும் மோதினா உலகம் தாங்காதுன்னு வியாசரும் நாரதரும் நடுவுல வந்து நிக்கிறாங்க. அர்ச்சுனன் தன் அஸ்திரத்தைத் திரும்ப எடுத்துக்கிட்டான். அஸ்வத்தாமனுக்கு அது முடியல. ஏவத் தெரியும், அடக்கத் தெரியாது. கடைசியில அந்த அஸ்திரம் உத்தரையின் வயித்துல இருந்த குழந்தை மேல போய் விழுந்தது. கிருஷ்ணன் உயிர் கொடுத்ததால பரீட்சித்து பிழைச்சான்.

இப்ப நம்ம வேலுக்கு வருவோம். சூரபத்மன் கடைசியில மாமரமா நின்னான். வேல் போய் ரெண்டா பிளந்தது. பிளந்தது என்ன ஆச்சு? ஒரு பாதி மயில், ஒரு பாதி சேவல். தேவர்களைச் சிறையில போட்டவனை வாகனமாவும் கொடியாவும் பக்கத்துலயே வச்சுக்கிட்டாரு முருகன். நாம தினமும் கும்பிடும்போது சூரனும் அங்கதான் நிக்கிறான். இதை வருஷா வருஷம் பார்க்கிறோம், மாமரம் சாய்ஞ்சதும் கைதட்டிட்டு சாப்பாட்டு வரிசைக்குப் போயிடுறோம்.

அந்தப் பையனுக்குக் கதையோட முடிவும் தெரிஞ்சிருக்கும். பில்போ கொல்லாம விட்ட அதே கோல்லம்தான், பல வருஷம் கழிச்சு, எரிமலை விளிம்புல மோதிரத்தோட தவறி நெருப்புக்குள்ள விழுது. மோதிரத்தை அழிக்கக் கொண்டு போன ஃபுரோடோவுக்கே கடைசி நேரத்துல அதை விட மனசு வரல. அன்னைக்கு குகையில குத்தியிருந்தா அந்த உலகம் பிழைச்சிருக்காது.

ரெண்டும் ஒண்ணுன்னு நாங்க சொல்ல வரல. வேல் நாம வணங்குற தெய்வம். ஸ்டிங் ஒரு மனுஷன் உட்கார்ந்து எழுதினது, அவரும் அதைக் கும்பிடச் சொல்லல. ஆனா அந்தக் கத்தி மேல ஆசைப்பட்டு வந்த பையனை மாமரத்துக்கிட்ட கூட்டிட்டு வர அஞ்சு நிமிஷம் போதும். பெருசா சின்னதான்னு கேட்டானே, அதுக்கு எங்க பதில் இதுதான்: "தம்பி, வேலால வெட்டுப்பட்டவன் இப்ப எங்க இருக்கான்னு போய்ப் பாரு." அவன் சந்நிதிக்குள்ள போய் மயிலைப் பார்ப்பான். அடுத்த கேள்வியோட திரும்பி வருவான். வரட்டும்.

பெற்றோர் இதைப் படிச்சா பையன்கிட்ட சொல்லுங்க, யாருக்கும் கோபம் இல்ல. சத்தம் போட்ட பெரியவர்கிட்டயும் பேசிட்டோம், "அவன் வரட்டும், நானே கதை கேட்கிறேன்"னுட்டாரு.

சனிக்கிழமை சாயங்காலம் 5 மணிக்கு ஸ்டோர்ல இருந்து சூரன் தலையெல்லாம் வெளியே எடுக்கிறோம். சிங்கமுகன் தலையில பெயிண்ட் உரிஞ்சு போச்சு, யானைமுகத்துக்கு ஒரு தந்தம் ஆடுது. மாமரத்துக்குப் புதுசா கிளை கட்டணும். பெயிண்ட், பிரஷ் எல்லாம் வாங்கியாச்சு. ஆளுதான் வேணும், பழைய சட்டை போட்டுட்டு வாங்க.