முதலில் தோட்டாவை எடு

கோயம்புத்தூரில் உரிமம் பெற்ற துப்பாக்கிப் பழுதுபார்ப்புப் பட்டறை ஒன்று. வாசலைத் தாண்டியதும் ஒரு தகர டிரம் நிற்கிறது, கழுத்துவரை மணல். வருகிறவர் வங்கிக் காவலாளியோ வால்பாறை எஸ்டேட்காரரோ யாராக இருந்தாலும், அந்த மணலை நோக்கித் துப்பாக்கிக் குழலைச் சாய்த்து, திறந்து, உள்ளே ஒன்றுமில்லை என்று காட்டிய பிறகுதான் மேசைக்குப் பக்கத்தில் வர முடியும். "காலியாத்தான் இருக்குதுங்க" என்ற வாய்ப்பேச்சைப் பட்டறைப் பெரியவர் காதில் போட்டுக்கொள்வதே இல்லை. வாங்கிய பிறகு தானும் ஒருமுறை திறந்து பார்க்கிறார். பார்த்துவிட்டுத் தன் அக்கா மகனிடம் கொடுக்கிறார். அந்தப் பையனும் திறந்து பார்க்கிறான். மூவரும் ஒரே நிமிடத்தில் பார்த்தது ஒரே வெற்று அறையைத்தான். ஆனாலும் யாரும் அதை வீண்வேலையாக நினைப்பதில்லை.

"கைமாறுனா பாக்கோணும். கீழ வச்சு எடுத்தாலும் பாக்கோணும். அவ்வளவுதான் கண்ணு" என்றார் பெரியவர்.

அடுத்தது உரிமப் புத்தகம். அதில் உள்ள எண்ணும் துப்பாக்கியில் பொறித்த எண்ணும் ஒத்துப்போனால்தான் பதிவேட்டில் வரவு எழுதுகிறார்கள். 1959ஆம் ஆண்டின் ஆயுதச் சட்டம், துப்பாக்கி செய்வதற்கும் விற்பதற்கும் மட்டுமல்ல, பழுது பார்த்துக் கொடுப்பதற்கும் உரிமம் வேண்டும் என்கிறது. சைக்கிள் கடையிலோ லேத் பட்டறையிலோ கொடுத்து ஒரு ஸ்பிரிங்கை மாற்றிக்கொள்ள முடியாது. கொடுப்பவருக்கும் செய்பவருக்கும் வம்பு.

நான் போன அன்று மேசைமேல் இருந்தவற்றில் பாதி கைத்துப்பாக்கிகள். நம் நாட்டில் 9 மி.மீ. போன்ற அளவுகள் பொதுமக்களுக்குத் தடைசெய்யப்பட்டவை. உரிமத்தில் பெரும்பாலும் கிடைப்பது .32 அளவு ரிவால்வர் அல்லது பிஸ்டல். கான்பூர் அரசுத் தொழிற்சாலையில் செய்யப்படும் ஆறு தோட்டா ரிவால்வர், பழைய இங்கிலீஷ் வெப்ளியின் அமைப்பைத் தழுவியது. 2014இல் பெண்களுக்கென்று வெளிவந்த 'நிர்பீக்' ரிவால்வரும் கான்பூரில் செய்யப்பட்டதுதான். அரைக்கிலோ எடை, டைட்டானியம் கலப்பு உலோகம். விலையோ அப்போதே ஒரு லட்சத்து இருபதாயிரத்துக்கு மேல். அது பட்டறைக்கு வருவது குறைவு. அதிகம் வருபவை பழைய இறக்குமதிச் சரக்குகள். 1980களின் நடுவில் தனியார் இறக்குமதி நின்றுபோனது. அதற்கு முன் வந்த வெப்ளியும் கோல்ட்டும் வால்தரும் அப்பாவிடமிருந்து மகனுக்கு என்று இன்னும் கைமாறிக்கொண்டிருக்கின்றன. அவற்றுக்கு உதிரி பாகம் கடையில் கிடையாது. இந்தத் தொழிலின் உயிர் அந்த இல்லாமையில்தான் இருக்கிறது.

பெரியவர் ஒரு வெப்ளியை எடுத்தார். பின்பக்கத் தாழ்ப்பாளைப் பெருவிரலால் அழுத்தியதும் குழல் முன்னால் கீழே மடங்கியது. சிலிண்டரின் ஆறு அறைகளும் ஒரே பார்வையில் தெரிந்தன. மடங்கும்போதே நடுவில் நட்சத்திர வடிவத் தகடு ஒன்று எழும்பி, உள்ளே தோட்டா இருந்தால் வெளியே தள்ளிவிடும். ரிவால்வரில் ஒளிவுமறைவு குறைவு. ஆறு துளைகளையும் எண்ணி, ஆறிலும் வெளிச்சம் தெரிந்தால் காலி. வீட்டில் சுத்தம் செய்கிறவர் அதற்குமேல் எதையும் கழற்றத் தேவையே இல்லை.

பிஸ்டல் அப்படியல்ல. வரிசை மாறினால் ஆளைக் கொல்லும். முதலில் தோட்டாக்கூடான மேகசினைக் கழற்ற வேண்டும். அதன்பிறகு மேல்பாகமான ஸ்லைடைப் பின்னால் இழுக்க வேண்டும். அவசரக்காரர் முதலில் ஸ்லைடை இழுக்கிறார், உள்ளே இருந்த தோட்டா தெறித்து விழுகிறது, "எடுத்தாச்சு" என்று நிம்மதியாகி மேகசினைக் கழற்றி வைக்கிறார். ஆனால் ஸ்லைடு திரும்பி முன்னால் போனபோதே மேகசினில் இருந்த அடுத்த தோட்டாவை அறைக்குள் ஏற்றியிருக்கும். கையில் மேகசின் இல்லாத பிஸ்டல், கீழே ஒரு தோட்டா, மனதில் முழு நம்பிக்கை. சில வகைப் பிஸ்டல்களைக் கழற்றும் முன் விசையை ஒருமுறை அழுத்தியே ஆக வேண்டும் என்பதையும் சேர்த்துப் பாருங்கள். "துப்பாக்கியைத் துடைத்தபோது தவறுதலாக வெடித்தது" என்று நாளிதழின் மூலையில் நாம் படிக்கும் செய்தி எப்படி உண்டாகிறது என்பது எனக்கு இந்த மேசையில்தான் புரிந்தது.

அதனால் இங்கே மேகசினை எடுத்து, ஸ்லைடை இழுத்துப் பின்னாலேயே நிறுத்தி, அறைக்குள் கண்ணால் பார்க்கிறார்கள். அத்தோடு விடாமல் சுண்டுவிரல் நுனியை உள்ளே விட்டுத் தடவியும் பார்க்கிறார்கள். சூடாக இருக்கும் துப்பாக்கியில் இதைச் செய்யக்கூடாது. மேசைக்கு வருவது ஆறிய துப்பாக்கி. தோட்டாக்கள் உடனே வேறு அறைக்குப் போய்விடுகின்றன. துடைக்கும் மேசையில் துப்பாக்கி இருந்தால் தோட்டா இருக்காது என்பது அங்கே மீறப்படாத விதி. அமெரிக்க மரைன் படையில் இருந்த ஜெஃப் கூப்பர் வகுத்த நான்கு பாதுகாப்பு விதிகளில் முதலாவது, எல்லாத் துப்பாக்கியும் எப்போதும் தோட்டா நிரம்பியதே என்பது. கூப்பர் பெயரைப் பெரியவர் கேள்விப்பட்டதில்லை. தன் அப்பாவிடம் அடி வாங்கி அதே விதியைக் கற்றிருக்கிறார்.

பையன் ஒரு வால்தர் பிபிகேயைப் பிரித்துக் காட்டினான். விசைக்காப்பு வளையத்தைக் கீழே இழுத்து ஒரு பக்கமாகத் தாங்க வைத்தான். ஸ்லைடை முழுதாகப் பின்னிழுத்து, பின்முனையைத் தூக்கி, முன்னால் வழுக்கிவிட்டான். சட்டத்தோடு நிலையாக நிற்கும் குழல், அதைச் சுற்றிய ஸ்பிரிங், தனியே ஸ்லைடு. எந்த ஸ்குருவையும் தொடவில்லை. செய்தவர்கள் சுத்தம் செய்வதற்காகவே விட்டுவைத்த பிரிப்பு இதுதான். வீட்டுக்காரருக்கு உரிய எல்லையும் இதுதான் என்றான். ஸ்பிரிங் துள்ளி ஓடும், கண்ணாடி போட்டுக்கொள்ள வேண்டும். அதற்குக் கீழே பிடியின் தகட்டைத் திறந்து விசையையும் சுத்தியலையும் கழற்றினால் பாதுகாப்பே அங்கிருந்துதான் கெடும். விசை பிடிக்கும் நுனியில் அரத்தால் ஒரு தேய் கூடுதலாகத் தேய்த்தால் போதும், துப்பாக்கி கீழே விழுந்த அதிர்ச்சியிலேயே வெடிக்கக்கூடும். இணையத்தில் பார்த்து "விசை லேசாக இருக்கட்டும்" என்று தேய்த்துக் கொண்டுவந்தவர்களின் துப்பாக்கிகளைப் பெரியவர் அப்படியே திருப்பித் தருவதில்லை. அந்தப் பாகத்தைப் புதிதாகச் செய்து பொருத்திய பிறகே தருகிறார்.

அப்படிப் புதிதாகச் செய்வதை நான் பார்த்தது ஒரு ஸ்பிரிங்கில். பழைய ரிவால்வரின் சுத்தியலை இயக்கும் ஸ்பிரிங் சுருள் வடிவமல்ல, இரண்டாக மடித்த தட்டைப் பட்டை. அது ஒடிந்திருந்தது. ஸ்பிரிங் ஸ்டீல் பட்டையை எடுத்து அளவுக்கு அரம் போட்டார். அரத்தின் கோடுகள் நீளவாக்கில்தான் ஓட வேண்டும். குறுக்கே ஒரு கீறல் விழுந்தாலும் நாளைக்கு அந்த இடத்தில்தான் விரிசல் பிறக்கும். செங்கனலாகக் காய்ச்சி மடித்தார். மறுபடி காய்ச்சி எண்ணெயில் தோய்த்தார். இப்போது அது கண்ணாடி மாதிரி நொறுங்கும் இரும்பு. அதை வெள்ளையாகத் தேய்த்து மெருகேற்றி, மணல்தட்டில் வைத்து மெல்லச் சூடாக்கினார். 220 டிகிரி வாக்கில் வைக்கோல் நிறம் வந்தது. பேச்சை நிறுத்திவிட்டார். மஞ்சள் பழுப்பாகி, ஊதாவாகி, 300ஐ நெருங்கும்போது பட்டை முழுவதும் மயில்கழுத்து நீலம் ஓடியது. அந்த நொடியில் எடுத்துவிட்டார். முந்தினால் ஒடியும், பிந்தினால் வளைந்தபடியே நின்றுவிடும். அவரிடம் வெப்பமானி இல்லை. ஜன்னலுக்கு நேரே வைத்த மேசை, நேர் வெயில் படாத காலை வெளிச்சம், ஐம்பது ஆண்டுப் பழக்கம் கொண்ட கண். நான் பார்த்த கைவேலைகளில் இதற்கு இணையாக நான் மதிப்பது சிலவற்றைத்தான். இதைப் படிப்பித்துச் சான்றிதழ் கொடுக்கும் இடம் நம் ஊரில் இருந்திருந்தால் அந்தப் பையனின் தலைமுறையில் இன்னும் சிலர் இந்த மேசைக்கு வந்திருப்பார்கள்.

பட்டறைக்கு வரும் பழுதுகளில் பெரும்பகுதி சுடுவதால் வருவதில்லை. பெட்டியில் கிடப்பதால் வருகிறது. தோல் உறையிலேயே வைத்து மூடிவிடுகிறார்கள். தோல் பதனிட்ட உப்பும் ஈரமும் சேர்ந்து, உறை தொட்ட இடமெல்லாம் துரு. வேறு சிலர் தேங்காய் எண்ணெய் போடுகிறார்கள். ஊட்டிக் குளிரில் அது உறைந்துபோகும். சமவெளியில் நாள்பட்டுப் பிசினாகும். அப்படிப்பட்ட ஒரு ரிவால்வரில் சிலிண்டர் சுற்றவே இல்லை. மண்ணெண்ணெயில் ஊறவைத்துப் பிசினைக் கரைத்துக்கொண்டிருந்தார்கள். துப்பாக்கி எண்ணெய் கிடைக்காவிட்டால் தையல் மெஷின் எண்ணெய் போதும் என்றார் பெரியவர். அதுவும் துளிக்கணக்கில். அறைக்குள் எண்ணெய் தேங்கினால் தோட்டாவின் பின்பக்கத் தீமூட்டிக்குள் கசிந்து, வேண்டிய நேரத்தில் வெடிக்காமல் போகும்.

குழலைத் துடைக்க ஒரு கம்பி, பித்தளை பிரஷ், பழைய பனியன் துணித் துண்டுகள். முடிந்தவரை பின்பக்கத்திலிருந்து முன்பக்கமாகவே கம்பியை விடுகிறார்கள். குழலின் வாய் விளிம்பு தேய்ந்தால் குறி தப்பும். கரைப்பான் தோய்த்த துணி முதலில் கரியாக வரும், பிறகு சாம்பல் நிறம், கடைசியில் வெள்ளை. வெள்ளை வந்ததும் ஒரு துளி எண்ணெய் தொட்ட துணியோடு நிறுத்திவிட வேண்டும். பின்வாயில் வெள்ளைக் காகிதத்தை வைத்து, அதில் பட்டுத் திரும்பும் வெளிச்சத்தில் குழலின் சுருள் பள்ளங்களைப் பார்க்கச் சொன்னான் பையன். உள்ளே துணித்துண்டு ஏதும் மறந்து தங்கியிருக்கிறதா என்பதும் அப்போதுதான் தெரியும். அடைப்போடு சுட்டால் குழல் வீங்கும், பிளக்கும்.

எல்லாம் முடிந்ததும் இருவரும் முழங்கை வரை சோப்புப் போட்டுக் கழுவினார்கள். ரிவால்வர் தோட்டாவின் குண்டு ஈயம். துணியில் வருகிற கரியில் ஈயத் துகள் இருக்கிறது. அந்த மேசையில் டீ வைக்க யாருக்கும் அனுமதி இல்லை. வீட்டில் சாப்பாட்டு மேசையில் செய்தித்தாளை விரித்துத் துப்பாக்கி துடைப்பவர்கள் இதைக் கட்டாயம் நினைக்க வேண்டும், குழந்தைகள் உள்ள வீடென்றால் இன்னும்.

தேர்தல் முடிந்த மாதங்களில் வேலை கூடும். நடத்தை விதி அமலுக்கு வந்ததும் உரிமதாரர்கள் துப்பாக்கிகளை ஒப்படைக்க வேண்டியிருக்கும். திரும்பி வருபவற்றில் பல, துடைக்க ஆளில்லாமல் துருவேறி வருகின்றன. குடகில் செப்டம்பரில் கைல்பொள்து பண்டிகை வரும்போது கொடவர்கள் வீட்டுத் துப்பாக்கிகளை இறக்கித் துடைத்து, செங்காந்தள் பூவால் அலங்கரித்து வழிபடுகிறார்கள். ஆண்டுக்கு ஒரு நாளாவது துரு பார்க்கப்பட்டுவிடுகிறது. நமக்கு ஆயுதபூஜை இருக்கிறது, ஆனால் பீரோவில் இருக்கும் துப்பாக்கி அன்றைக்கும் வெளியே வருவதில்லை.

2016ஆம் ஆண்டின் ஆயுத விதிகள் புதிதாக உரிமம் கேட்பவருக்குப் பாதுகாப்புப் பயிற்சியைக் கட்டாயமாக்கியிருக்கின்றன. பழைய உரிமத்தை வாரிசாக வாங்கியவர்களில் எத்தனை பேர் மேகசின் முதலில் என்று அறிவார்கள் என்பதே பெரியவரின் கவலை. 2019 திருத்தத்துக்குப் பின் பொதுவாக ஒருவர் இரண்டு துப்பாக்கிகளுக்கு மேல் வைத்திருக்க முடியாது. பலர் மூன்றாவதைக் கொடுத்துவிட்டார்கள். சிலர் வீட்டிலோ தாத்தாவோடு உரிமமும் முடிந்துபோன ரிவால்வர் ஒன்று துணிமடிப்புக்குள் இன்னும் கிடக்கிறது.

உங்கள் வீட்டில் அப்படி ஒன்று இருந்தால், திறந்து பார்க்கும் ஆசையை விட்டுவிடுங்கள். விசையைத் தொடாதீர்கள், பிள்ளைகளை அந்த அறைக்குள் விடாதீர்கள். அருகிலுள்ள காவல் நிலையத்துக்குத் தகவல் சொல்லி, அவர்கள் சொல்லும் முறைப்படி அங்கோ உரிமம் பெற்ற ஆயுத விற்பனையாளரிடமோ ஒப்படையுங்கள். உரிமம் இல்லாமற்போன துப்பாக்கியைத் தாமதமின்றி அப்படி ஒப்படைக்க வேண்டும் என்பதே ஆயுதச் சட்டத்தின் 21ஆம் பிரிவு.